கோட்டுக்கு வெளியே போட்ட திருநீறு

ஆஸ்திரேலியாவின் அந்த விளையாட்டரங்கில் தரை துடைக்கும் வேலை கிடைப்பதற்குப் பாலேஸ்வரி ஒன்றரை வருடம் காத்திருந்தாள். கிடைத்ததும் அதைக் கோயில் தொண்டு மாதிரித்தான் செய்தாள். தான் குடியிருந்த கிளேட்டனிலிருந்து முதல் பஸ்ஸில் வருவாள். முகம் தெரியும் அளவுக்குப் பலகைத் தரையைப் பளபளக்க வைத்துவிட்டுத்தான் தேநீர் குடிப்பாள்.

2012ஆம் ஆண்டு அங்கே ஆண்களுக்கான கூடைப்பந்துப் போட்டி ஒன்று நடந்தது. ஆஸ்திரேலியாவோடு நியூசிலாந்தும் பசிபிக் தீவுகளும் வந்திருந்தன. வெளிநாட்டில் சம்பளத்துக்கு விளையாடுபவர்களுக்கு இடமில்லை. சொந்த நாட்டிலேயே இருந்து, பகலில் ஏதாவது தொழில் பார்த்து, பின்னேரத்தில் பந்து பிடிப்பவர்கள்தான் வரலாம். சமோவாவின் சியோனே தன் ஊரில் பஸ் ஓட்டுகிறவன். முதல் நாள் அவளுடைய தண்ணீர் வாளியைப் பறித்துத் தூக்கிக்கொண்டு போனான். அவளுக்கு இங்கிலிஷ் போதாததால், அவன் கையால் ஸ்டியரிங் சுற்றிக் காட்டித் தன் வேலையைச் சொன்னான்.

அன்று மாலைப் பயிற்சியில் ஒரு பொடியனுக்குக் கணுக்கால் பிரண்டுவிட்டது. பாலேஸ்வரிக்கு மனம் கேட்கவில்லை. மறுநாள் சமோவா, நியூசிலாந்து ஆட்டம் தொடங்குமுன் கடைசித் தடவையாகத் துடைத்தாள். பிறகு மடியிலிருந்த பொட்டலத்தைப் பிரித்து, இரண்டு கூடைகளுக்குப் பின்னாலும் தரையில் திருநீறு போட்டாள். "முருகா, ஒருத்தற்றை காலும் முறியக்கூடாது." ஆட்டம் கோட்டுக்கு உள்ளேதானே, இது வெளியே கிடக்கட்டும் என்று நினைத்தாள்.

இரண்டாவது கால்பகுதியில் சியோனே பந்தோடு பாய்ந்து வந்து, எம்பிக் கூடைக்குள் போட்டான். வந்த வேகத்தில் கோட்டைத் தாண்டித்தான் கால் ஊன்றினான். கால் வழுக்கியது. கூடைக் கம்பத்தைச் சுற்றியிருந்த மெத்தையில் தோள் மோதிய சத்தம் அரங்கம் முழுக்கக் கேட்டது.

விசில் ஒலித்தது. நடுவர் கை காட்ட, பாலேஸ்வரி தரை துடைக்கும் மொப்போடு ஓடினாள். சியோனே தோளைப் பிடித்தபடி எழும்பினான். ஒரு இழுவைதான் இழுத்தாள். மொப்பின் நீலத் துணியில் திருநீறு வெள்ளையாக ஒட்டியிருந்தது.

மற்றக் கூடைக்குப் பின்னாலும் அதே அளவு கிடக்கிறது!

ஓரத்துக்கு வந்ததும் ஆட்டம் மீண்டும் தொடங்கிவிட்டது. பந்து அந்தப் பக்கம்தான் போனது. நியூசிலாந்துக்காரன் ஒருவன் பாய்ந்தான். கோட்டுக்கு ஒரு சாண் உள்ளே நின்றான். பாலேஸ்வரி மூச்சு விட்டாள். பந்து திரும்பி வந்தது, மறுபடியும் போனது. விசில் ஊதுவதாக இல்லை.

சூப்பர்வைசர் தாஹிர் பக்கத்தில் நின்றார். புத்தளத்துக்காரர், எப்போதும் பகிடி விடுகிறவர்.

"என்னக்கா, ஆட்டம் பார்க்க டிக்கெட் எடுத்தனீங்களோ? மொப்பைக் கழுவுங்கோ."

"தாஹிர் தம்பி, அங்காலை கூடைக்குப் பின்னாலை துடைக்கோணும். இப்பவே."

"காலமை துடைச்சதுதானே?"

சும்மா அழுக்கென்று சொல்லலாம். ஆனால் அழுக்குக்கு யார் ஆட்டத்தை நிறுத்துவார்கள்? உண்மையைச் சொன்னால் வேலை போகும். சொல்லாமல் நின்றால், அடுத்தவன் தோளோடு தப்புவானா?

"நான்தான் திருநீறு போட்டனான். ரெண்டு பக்கமும். அந்தப் பிள்ளை அதிலைதான் வழுக்கினது."

தாஹிரின் சிரிப்பு அணைந்தது. "அல்லாஹ்வே... என்னக்கா செய்து வச்சிருக்கிறீங்க!"

"என்னைப் பிறகு ஏசுங்கோ தம்பி. முதல்ல போய்ச் சொல்லுங்கோ!"

அவர் நேரக்கணக்கு மேசைக்கு ஓடினார். அங்கிருந்தவர் கையை விரித்தார்; பந்து ஓடும்போது ஆட்டத்தை நிறுத்த முடியாதாம். அதற்குள் சியோனேயே பந்தைப் பறித்துத் தன் ஆளிடம் எறிந்தான்; அது தவறி எதிராளி கைக்குப் போக, துடைக்காத அந்தக் கூடைப்பக்கமே காவலுக்குத் திரும்பினான். எதிராளி அவனைத் தள்ளிக்கொண்டு கோட்டை நோக்கி வந்தான். பாலேஸ்வரி கண்ணை மூடவில்லை. மூட அவளுக்கு உரிமையில்லை என்று பட்டது.

பந்து யாரோ கையில் பட்டு வெளியே போனது. விசில்!

அவள் ஓடின ஓட்டத்தில் ஒரு செருப்பு கழன்றது. முழந்தாளிட்டு, மொப்பாலும் பிறகு சேலைத் தலைப்பாலும் துடைத்தாள். நடுவர் குனிந்து துணியைத் தொட்டு, விரலில் ஒட்டிய வெள்ளையைக் காட்டி என்னவென்று கேட்டார். பாலேஸ்வரி தன் நெற்றியைத் தொட்டுக் காட்டினாள்.

ஆட்டம் முடிந்து தாஹிர் அறிக்கை எழுதினார். "'தூசி' எண்டு போடட்டோ அக்கா?"

"இல்லைத் தம்பி. திருநீறு எண்டே போடுங்கோ. போட்டது நான் எண்டும்."

வேலை போகவில்லை. ஆனால் போட்டி முடியும்வரை ஆடுதளத்தில் கால் வைக்கக்கூடாது, கழிவறைப் பக்கம் போ என்று மேலிடம் சொன்னது.

மறுநாள் அவள் கழிவறை வாசலைத் துடைத்துக்கொண்டிருந்தாள். சுவருக்கு அப்பால் சமோவா விளையாடியது. திடீரென்று கூட்டத்தின் கூச்சல் நின்றது. அவளுடைய கையும் நின்றது. பொட்டலம் மடியில்தான் இருந்தது. அவள் அதைத் தொடவில்லை.

பிறகு பந்து தரையில் அடிக்கும் சத்தம் மறுபடி கேட்டது. அவள் மொப்பை இழுத்தாள்.