பிணமாக நடித்தவனின் பேசும் படம்

நான் எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். ஜெர்மனியின் ஹெர்னே நகரத்தில் நான் டைல்ஸ் ஒட்டாத குளியலறை குறைவு. அப்படிப்பட்ட ஓட்மார் க்ராவிங்கல் எப்படி நடிகனானான் என்று கேட்பவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்வேன்: தூங்கித்தான்.

கொலோன் பக்கம் ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கழிவறைக்குத் தரை போட்டுக்கொண்டிருந்தேன். சாப்பிட்டுவிட்டு அங்கேயே காலை நீட்டினேன். உள்ளே வந்த இயக்குநர் என்னைப் பார்த்து அலறிவிட்டார். தட்டி எழுப்பிய பிறகு, "இந்த ஆளே போதும்" என்றார். அன்று தொடங்கியது என் கலைப் பயணம். ஞாயிறு மாலை நாடே டிவி முன்னால் உட்கார்ந்து பார்க்கும் துப்பறியும் படங்களில் நான்தான் பிணம். குத்துப்பட்டேன், ஆற்றில் மூழ்கினேன், பீர் பீப்பாய்க்கு அடியில் நசுங்கினேன். என்னைப்போல் அசையாமல் கிடக்க இந்த நாட்டில் ஆள் கிடையாது. நாடகப் பள்ளியில் படித்துவிட்டு வந்தவனெல்லாம் இமையை ஆட்டிவிடுவான்.

ஆனால் பிணத்துக்கு யாரும் வசனம் தருவதில்லை. அதனால் நானே எழுதினேன், நானே இயக்கினேன். 'முழித்திருப்பவன்' என்று பெயர் வைத்தேன். டைல்ஸ் ஒட்டும் ஒருவன் முதல் காட்சியிலிருந்து கடைசி வரை வாயை மூடாமல் பேசுவான். யார் நடித்தது என்று சொல்ல வேண்டியதில்லை.

எங்கள் ஊர் திரையரங்கின் முதலாளி கெர்லிண்டே அம்மாவிடம் போனேன். "ஞாயித்துக்கிழமை சாயங்காலம் சும்மாதான் கிடக்கு, எடுத்துக்கோங்க. பாதி சீட்டு நிரம்பினா ஒரு வாரம் ஓட்டுறேன். இல்லன்னா அன்னிக்கே தூக்கிடுவேன்" என்றார்.

ஏன் சும்மா கிடக்கிறது என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை. என் பிழைப்பே அந்த ஞாயிறு மாலைதான், இருந்தும் தோன்றவில்லை. போஸ்டர் எல்லாம் ஒட்டி முடித்த பிறகு என் மனைவி ரோஸ்வித்தா தலையில் அடித்துக்கொண்டாள்.

"யோவ், அன்னிக்கு டிவில வர்ற பொணமே நீதான்யா! ஊரே உன்னைப் பார்க்க வீட்டுல உக்காந்திருக்கும். இங்க யாரு வருவா?"

அப்படியே நடந்தது. அரங்கில் ரோஸ்வித்தா, ஒளிப்பதிவாளர், மழைக்கு ஒதுங்கிய ஒருவர், அவருடைய நாய். எதிரே இருந்த மதுக்கடையிலிருந்து பெரும் கூச்சல் கேட்டது. ஓடினேன்.

"வாடா பொணமே!" என்று வரவேற்றான் ஹார்ட்விக், என்னோடு டைல்ஸ் வேலை பார்த்தவன். டிவியில் நான் ஆற்றங்கரையில் கிடந்தேன். "டேய், வயிறு ஏறி எறங்குது பாரு!"

"அது காத்துடா. சட்டை ஆடுது."

"சட்டைக்குள்ள இருக்கிற பீர்தான் ஆடுது!"

கடையே சிரித்தது. "எல்லாரும் எந்திரிங்க, என் படம் எதிர்ல..." என்று ஆரம்பித்தேன்.

"உஷ்! செத்தவன் பேசக் கூடாது."

அப்போதுதான் எனக்கு மூளை வேலை செய்தது. நாற்காலி மேல் ஏறினேன். "நான் அந்தப் படப்பிடிப்புல இருந்தவன். கொலைகாரன் யாருன்னு இப்பவே சொல்லிடுவேன்!"

கடையே டிவியை விட்டு என் பக்கம் திரும்பியது. எங்கள் ஊரில் அடுத்தவன் கால்பந்து அணியைத் திட்டிவிட்டு உயிரோடு வீடு திரும்பலாம். ஆனால் கொலைகாரனை முன்கூட்டியே சொல்லிவிட்டு அப்படித் திரும்பியவன் எவனும் கிடையாது.

"டேய் ஓட்மார், விளையாடாத" என்றான் ஹார்ட்விக், முகம் வெளுத்து. "உனக்கு என்னதான் வேணும்?"

"இது முடிஞ்சதும் எல்லாரும் என் படத்துக்கு வரணும்."

"வந்து தொலையிறோம். வாயை மூடு!"

உண்மையில் கொலைகாரன் யாரென்று எனக்கே தெரியாது. பிணத்துக்குக் கதையில் ஒரே ஒரு பக்கம்தான் கொடுப்பார்கள். நானும் ஒரு பீர் வாங்கிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். மருமகன்தான் என்று சத்தியமே செய்திருப்பேன். கடைசியில் பார்த்தால் மருந்துக்கடைக்காரர்!

சொன்னபடி எல்லோரும் கிளாசும் கையுமாகச் சாலையைக் கடந்து வந்தார்கள். கெர்லிண்டே அம்மாவும் டிக்கெட் அறையில் அதே படத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாராம், அதனால் படம் தாமதமாகத் தொடங்கியதற்குக் கோபப்படவில்லை. பாதிக்கு மேல் நிரம்பியது. திரையில் நான் பேசினேன், பேசினேன், பேசிக்கொண்டே இருந்தேன். கொஞ்ச நேரத்தில் ஹார்ட்விக் அடங்கினான். பிறகு அவன் வரிசையே அடங்கியது. தலை சாய்ந்து, வாய் பிளந்து, துளி அசைவில்லை. பார்க்க எனக்குப் பொறாமையாக இருந்தது.

விளக்கு எரிந்ததும் கெர்லிண்டே அம்மா வந்தார். "தூங்கினாலும் சீட்டு நிரம்பிடுச்சு. சொன்ன சொல் சொன்னதுதான், ஒரு வாரம் ஓடும். ஞாயித்துக்கிழமை மட்டும் வேணாம்."

"அன்னிக்கு என்னாலயும் வர முடியாதும்மா" என்றேன்.