வைன் ஊற்றுவதற்கு முன்

என் மருமகள் எந்தக் குழம்பு வைத்தாலும் உப்புப் பார்க்க என்னிடம்தான் கொண்டுவருவாள். போன கோடையில், கம்பெனியில் கூட வேலை செய்கிறவர்களை மூக்கண்டப்பள்ளி வீட்டு மொட்டைமாடிக்கு விருந்துக்குக் கூப்பிட்டாள். மாம்பழம், திராட்சை போட்டு வைன் கலந்த பானம் செய்யப்போவதாகச் சொன்னாள். ஐந்தாவது படித்த கிழவி நடுவில் எதற்கு என்று, நல்ல சேலை ஒன்றைப் பையில் வைத்துக்கொண்டு கல்லாவியிலிருக்கும் மகள் வீட்டுக்குக் கிளம்பினேன்.

மருமகள் கரண்டியோடு வந்து வாசலில் மறித்தாள்.

“எங்க கெளம்பிட்டீங்க அத்தே? இன்னும் வைன் ஊத்தல. இனிப்பு பாத்துச் சொல்லுங்க.”

“நான் இருந்தா அவங்களுக்குக் கூச்சமா இருக்கும்மா.”

“கூச்சமெல்லாம் உங்களுக்குத்தான். உங்களுக்குன்னு வைன் இல்லாம ஒரு சொம்பு எடுத்து வெச்சாச்சு.”

ருசி பார்த்தேன். “இன்னொரு எலுமிச்சம்பழம் புழி,” என்றேன்.

ஊருக்கென்று எடுத்துவைத்த சேலையை அன்று சாயங்காலம் மாடிக்குக் கட்டிக்கொண்டு போனேன். அந்த வீட்டில் என்னை வேண்டாமென்று நினைத்தது நான் மட்டும்தான் போலிருக்கிறது.