கிழிக்காமல் வைத்த நோட்டீஸ்கள்

கால்வாய்க்கரையில் எங்களுடையது மொத்தம் நாற்பத்திரண்டு வீடுகள். எல்லாம் அரசாங்க நிலம். நடு வீட்டில் இருப்பவர்தான் ஃபேன் அக்கா. எரிந்துபோன மின்விசிறிகளுக்குச் செம்புக் கம்பியைச் சுற்றிக் காயில் கட்டுவது தொழில். முன்பாதி பட்டறை, பின்பாதி குடித்தனம். சோற்றுப் பானைக்குப் பக்கத்திலேயே செம்புக் கம்பிச் சுருள் கிடக்கும். கணவர் இறந்த வருடம் கைக்குழந்தையோடு வந்தவர். அந்தக் குழந்தைக்கே இப்போது இரண்டு குழந்தைகள்.

இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை இடத்தைக் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் வரும். நாங்கள் ரோஷக்காரர்கள். கொண்டுவரும் பியூனின் கண்ணெதிரிலேயே சுக்குநூறாகக் கிழித்துக் கால்வாயில் போடுவோம். முதலில் கிழிப்பவன் நான். குழாய் வேலை பார்க்கிற கை, வலு அதிகம் என்று பெருமை வேறு. அக்கா மட்டும் பியூனை உட்காரவைத்துத் தண்ணீர் கொடுப்பார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு வரிவரியாகப் படிப்பார். தேதியும் முத்திரையும் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள்வார். எங்களுக்குப் பற்றிக்கொண்டு வரும். அரசாங்கத்துக்குச் சலாம் போடுகிறவள் என்று என் மனைவி அவரோடு ஒரு வருடம் பேசவே இல்லை. நானும் ஜாடைமாடையாக நிறையச் சொல்லியிருக்கிறேன். இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

இந்த முறை விசாரணைக்கே கூப்பிட்டுவிட்டார்கள். அது முடிந்ததும் புல்டோசர் வரும் என்று பேச்சு. பதினைந்து வருடத்துக்கு மேல் குடியிருப்பவர்களை மாற்று இடம் தராமல் அகற்றக்கூடாது என்று சட்டம் இருப்பதாக ஒரு வக்கீல் சொன்னார். சட்டம் இருந்து என்ன, ஆதாரம் வேண்டுமே? கரண்ட் மீட்டர் வந்தே ஆறு வருடம்தான் ஆகிறது. அதற்கு முன்னால் எந்த அட்டை கேட்டுப் போனாலும், அரசாங்க நிலத்து விலாசத்துக்குக் கிடையாது என்று விரட்டினார்கள்.

அதிகாரி முன்னால் திருடர்களைப் போல நின்றோம். நாங்கள் நேற்று முளைத்தவர்கள் என்று அவர் முடிவே கட்டியிருந்தார். பதினைந்து வருடமாக இருக்கிறீர்கள் என்பதற்கு யார் சாட்சி என்று கேட்டார்.

“நீங்கதான் சார்,” என்றார் அக்கா.

பையிலிருந்து ஒரு காகிதக் கட்டு எடுத்து மேஜையில் வைத்தார். அதே அலுவலகம் அனுப்பிய நோட்டீஸ்கள், பதினொன்று. முதலாவது இருபத்தாறு வருடத்துக்கு முந்தையது. இங்கே குடியிருக்கும் நீ காலி செய் என்று அவர்களே எழுதி, முத்திரை குத்தி, கையெழுத்துப் போட்டது. அதிகாரி புரட்டிப் புரட்டிப் பார்த்தார். குரல் இறங்கிவிட்டது. உங்களுக்கு மட்டும் மாற்று வீடு எழுதிவிடலாம் அம்மா, மற்றவர்களிடம்தான் ஒன்றுமில்லையே என்றார்.

கிழித்த கை இதுதானே. அக்கா சரி என்று சொல்லிவிட்டால், எந்த முகத்தை வைத்துக்கொண்டு நான் குறை சொல்வேன்?

“பின்னாடி திருப்புங்க சார்.”

ஒவ்வொரு நோட்டீஸின் பின்பக்கமும் ஒரு பட்டியல். நாற்பத்திரண்டு குடும்பத் தலைவர்களின் பெயரும் வீட்டு எண்ணும் வரிசையாக. எங்களுக்கும் அதே தாள்தான் வந்திருக்கிறது. படித்தவன்தான் எவனும் இல்லை. முதல் நோட்டீஸில் ஆறாவது வரியில் என் அப்பாவின் பெயர் இருந்தது.

அதிகாரி தாள்களை அடுக்கி வைத்தார். சரி, பார்க்கலாம், இப்போதைக்கு யாரும் வரமாட்டார்கள், போங்கள் என்றார். நாங்கள் கும்பிடு போட்டுத் திரும்பினோம். அக்கா நகரவில்லை.

“எழுதிக் குடுங்க சார். இருபத்தாறு வருஷமா எழுதிக் குடுத்துதானே எங்களைப் போகச் சொன்னீங்க. இருக்கச் சொல்றதையும் எழுதிக் குடுங்க.”

சொல்லிவிட்டு அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். அவருக்குப் பக்கத்தில் முதலில் உட்கார்ந்தவள் என் மனைவி. பிறகு நான், பிறகு எல்லோரும். சாப்பாட்டுக்கு எழுந்த அதிகாரிக்கு வாசல்வரை கால் வைக்க இடமில்லை. திரும்பவும் நாற்காலியில் உட்கார்ந்து டைப்பிஸ்ட்டைக் கூப்பிட்டார்.