ரப்பர் பட்டை வைத்த பம்பர்

எங்கள் கார் எப்போதும் இடது பக்கம்தான் இடிக்கும். எங்கள் வீட்டு கேட்டில் இடித்தது. மளிகைக் கடைக்காரர் வெளியே வைத்திருக்கிற உப்பு மூட்டையில் இடித்தது. ஒரு தடவை, நின்றுகொண்டிருந்த கரும்புச்சாறு வண்டியில் போய் இடித்தது. முன்பக்க பம்பரின் அந்த மூலையில் வெள்ளைப் பெயிண்ட் எல்லாம் போய் உள்ளே இருக்கிற கறுப்பு தெரியும். வலது மூலை மட்டும் நேற்று வாங்கின மாதிரி இருக்கும்.

கார் அவுகளுடையது. அவுக என்று நான் சொல்வது என் வீட்டுக்காரரை. பேர் சொல்லிப் பழக்கமில்லை. அவுக லாரி ஓட்டினவுக. பாவூர்சத்திரம் மார்க்கெட்டில் காய்கறி ஏற்றி, செங்கோட்டை வழியாக மலை ஏறி, கேரளாவில் இறக்கிவிட்டு வருவாக. முப்பது வருஷம் அந்த வளைவுகளில் போய் வந்தும் லாரியில் ஒரு கீறல் விழவிட்டதில்லை என்று இன்றைக்கும் சொல்லுவாக. அது நிஜம்தான். லாரியை விட்டு இறங்கினதும் இந்தச் சின்னக் காரைப் பழசாக வாங்கினாக. பின்கதவை மேலே தூக்கித் திறக்கிற வகை. இப்போது அந்தக் காரைக் கம்பெனியில் செய்வதே இல்லையாம். ரோட்டில் நிறுத்தினால் காலேஜ் பிள்ளைகள் பக்கத்தில் நின்று போட்டோ எடுக்கும். அவுக அப்போது வேட்டியை இழுத்துவிட்டுக்கொண்டு வேறு எங்கோ பார்ப்பாக.

நான் இடது பக்க சீட்டில் உட்காருவேன். ரெண்டு வருஷம் முன்னால் ஒரு நாள், ரோட்டோரம் ஒரு ஆடு இறங்கி வந்தது. அவுக பார்க்கவில்லை. பார்க்காத மாதிரியும் இல்லை, அங்கே ஆடே இல்லாத மாதிரி போனாக. எனக்குச் சட்டென்று சத்தம் போட வராது. பயத்தில் முன்னால் இருந்த டேஷ்போர்டைக் கையால் தட்டினேன். அவுக பிரேக் பிடித்தாக. ஆடு போனது. நாங்களும் போனோம். ரெண்டு பேரும் அதைப் பற்றிப் பேசவில்லை.

அதிலிருந்து அது ஒரு பழக்கமாகிவிட்டது. இடது பக்கம் ஆள் வந்தால் ஒரு தட்டு. வண்டி வந்தால் ரெண்டு தட்டு. நான் ஏன் தட்டுகிறேன் என்று அவுக கேட்டதில்லை. உங்களுக்கு ஏன் தெரியவில்லை என்று நானும் கேட்டதில்லை. முப்பது வருஷம் மலை ஏறி இறங்கின மனுஷரிடம் எந்த வாயால் அதைக் கேட்பது?

கடையத்தில் கட்டிக்கொடுத்த மகள் ஒரு நாள் வந்தாள். வந்தவள் செருப்பைக் கழற்றாமல் காரைச் சுற்றி வந்தாள்.

"என்னப்பா, இப்படி இடிச்சு வச்சிருக்கிய? பேசாம இத வித்துருங்க."

"காரு என்னட்டி செய்யும்? அந்தப் பம்பரு குறுகலா இருக்கு. அகலமா ஒண்ணு மாட்டிட்டா எல்லாம் சரியாப் போவும்."

மகள் என்னைப் பார்த்தாள். நான் காப்பி போட உள்ளே போய்விட்டேன்.

பம்பர் மாற்ற செங்கோட்டை ரோட்டில் இருக்கிற ஒரு ஷெட்டுக்குப் போனோம். அந்த மெக்கானிக் துபாயில் கார் வேலை பார்த்துவிட்டு வந்தவர். பழைய கார் என்றால் அவருக்கு உயிர். எங்கள் காரைப் பார்த்ததும் கையைத் துடைத்துவிட்டுத்தான் தொட்டார். நான் இறங்கவில்லை. அவரே ஒரு பிளாஸ்டிக் சேரைக் கொண்டுவந்து நிழலில் போட்டார்.

"ஆச்சி, வந்து இங்கன உக்காருங்க. காருக்குள்ள வெந்துருவிய."

அவுக முதலில் இரும்புக் குழாயில் பம்பர் கேட்டாக. லாரிக்கு முன்னால் இருக்குமே, அந்த மாதிரி.

"அது வேண்டாம் அண்ணாச்சி. இப்ப விட மாட்டாங்க. ஆள் மேல பட்டா எலும்பு நொறுங்கிரும்னு தடை போட்டிருக்காங்க."

"நான் எதுக்குவே ஆள் மேல இடிக்கேன்?"

"நீங்க இடிக்கமாட்டிய அண்ணாச்சி. சட்டத்தச் சொல்லுதேன்."

சொல்லிவிட்டு அவர் குனிந்து பழைய பம்பரைப் பார்த்தார். இடது மூலையைத் தடவினார். வலது மூலையைத் தடவினார். "பட்டதெல்லாம் இந்தப் பக்கமாவே இருக்கே" என்றார். "ரோடு அப்படி" என்றாக அவுக. மெக்கானிக் நிமிர்ந்தார். ஒரு தடவை நான் இருந்த பக்கம் பார்த்தார். நான் முந்தானை நுனியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அகல பம்பரில் மூன்று தினுசு வைத்திருந்தார். ஒன்று பளபளவென்று பைபரில் செய்தது, பனி விளக்குக்கு ரெண்டு ஓட்டை விட்டிருந்தது. இன்னொன்று நடுவில் வலை போட்டு, பல்லைக் காட்டுகிற மாதிரி. மூன்றாவது கறுப்பு, தடிப்பு, நீளத்துக்கும் ஒரு ரப்பர் பட்டை வைத்தது. அவுகளுக்கு முதலாவதில் ஆசை. அதைத் தூக்கிப் பிடித்து தூரத்தில் நின்று பார்த்தாக. பிறகு என்ன தோன்றியதோ, என்னைக் கூப்பிட்டாக.

"ஏட்டி, நீ சொல்லு. எது நல்லாருக்கு?"

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் வண்டி விஷயத்தில் என்னிடம் கேட்டது அதுதான் முதல் தடவை. நான் எழுந்து போனேன். பைபர் பம்பரின் ஓரத்தைப் பெருவிரலால் அமுக்கினேன். தேங்காய்ச் சிரட்டை மாதிரி விரலை வெட்டியது. வலை போட்டதும் அப்படித்தான். ரப்பர் பட்டையை அமுக்கினேன். விரல் கொஞ்சம் உள்ளே போனது.

"இது" என்றேன்.

"பாத்தியாவே, கறுப்ப எடுத்துட்டா! வெள்ளைக் காருக்குக் கறுப்பு எடுப்பாத்தான் இருக்கும்" என்று அவுகளுக்குச் சந்தோஷம். நான் அழகு பார்த்து எடுத்தேன் என்று நினைத்துவிட்டாக. யார் மேலாவது பட்டால் எது கொஞ்சமாக வலிக்கும் என்றுதான் பார்த்தேன். அதைச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அந்த ஷெட்டிலேயே எல்லாம் முடிந்திருக்கும்.

மாட்டுவதற்கு ஒரு நாள் முழுக்க ஆனது. பழைய போல்ட்டுகள் துருப்பிடித்துக் கிடந்தன. மண்ணெண்ணெய் ஊற்றி ஊறப் போட்டுத்தான் கழற்ற முடிந்தது. பம்பரைக் கழற்றினதும் பல்செட்டைக் கழற்றின முகம் மாதிரி இருந்தது கார். புது பம்பர் இந்தக் காருக்கென்று கம்பெனி செய்தது இல்லை. அதனால் ஓட்டை ஒன்றுக்கொன்று சேரவில்லை. இரும்புப் பட்டை வெட்டி, வெல்டு வைத்து, அதில் ஓட்டை போட்டு மாட்டினார். மாட்டின பிறகு பார்த்தால் ரெண்டு பக்கமும் மூன்று விரல்கடை வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

"அண்ணாச்சி, இது மட்டும் போட்டா முறுக்கு மீசை மாதிரில்லா நிக்கிது. சக்கரத்துக்கு மேல உள்ள வளைவையும் அகலமாப் போட்டாத்தான் எடுப்பா இருக்கும்."

"மீசை இருக்கட்டும்வே. ஆம்பிளக் காருதான்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆனால் என் கண் வேறு ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தது. பள்ளிக்கூடத்தை விட்ட வயசிலிருந்து நான் பீடி சுற்றினவள். அளவுத் தகரத்தை வைத்து இலை வெட்டி வெட்டி, ஒரு நூல் கூடினாலும் குறைந்தாலும் எனக்குத் தெரிந்துவிடும். அவுக பக்கத்தில் போய், "வலது பக்கம் ஒரு நூல் இறங்கியிருக்கு" என்று காதோடு சொன்னேன். அவுக சத்தமாகச் சொல்லிவிட்டாக. மெக்கானிக் டேப்பை வைத்து அளந்தார். ரெண்டு தடவை அளந்தார்.

"ஆச்சி, நாளையிலேருந்து இங்கன வேலைக்கு வந்துருங்க. எனக்குக் கண்ணு இருந்தும் பிரயோஜனம் இல்ல."

அவுக சிரித்தாக. அந்தச் சிரிப்பு கொஞ்சம் சீக்கிரம் நின்றுபோனது.

அடுத்த வாரம் சாரல் நன்றாக விழுந்தது. புது பம்பரோடு குற்றாலம் போவோம் என்று அவுகதான் கிளம்பினாக. நான் ஒரு துண்டையும் மாற்றுச் சேலையையும் பையில் எடுத்துக்கொண்டேன். வழியெல்லாம் ஒரே வண்டி. நான் தட்டிக்கொண்டே வந்தேன். ஒரு தட்டு, ரெண்டு தட்டு, ஒரு தட்டு. அருவிக்குப் போகிற பஜாரில் நுழைந்ததும் கண்ணாடியில் ஆவி பிடித்துவிட்டது. என் பக்கம் ஒன்றும் தெரியவில்லை. முந்தானையால் கண்ணாடியைத் துடைத்தேன். அந்த நேரத்தில் தட்டாமல் விட்டேன்.

டக்கென்று ஒரு சத்தம். பிறகு கண்ணாடிப் பாட்டில் உடைகிற சத்தம்.

எண்ணெய் தேய்த்துவிடுகிற ஒருவர் ரோட்டோரம் ஸ்டூல் போட்டிருந்தார். பம்பரின் இடது நுனி அந்த ஸ்டூலைத் தள்ளிவிட்டது. ஸ்டூலில் ஆள் இல்லை. எண்ணெய்க்காரர் மழைக்காக ஒதுங்கி நின்றிருந்தார். மழைத் தண்ணீரோடு எண்ணெய் ரோட்டில் ஓடியது. அவர் வந்து காருக்கு முன்னால் நின்று இடுப்பில் கையை வைத்துக்கொண்டு பார்த்தார்.

"பெரியவரே, எண்ணெ தேய்க்கணும்னா இறங்கி வரப்பிடாதா? காருக்கு எதுக்குத் தேய்க்கிய?"

சுற்றி நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். அவுகளும் இறங்கிப் போய், தப்புதான் என்று சொல்லி, எண்ணெய்க்கும் ஸ்டூலுக்கும் உண்டானதைக் கொடுத்தாக. அந்த ஆளும் நல்ல மனுஷர்தான். காசை வாங்கி மடியில் வைத்துக்கொண்டே சொன்னார்.

"கொஞ்சம் முந்தி வந்திருந்தியன்னா கதை வேற. இப்பத்தான் ஒரு ஆளு இதுல உக்காந்து கண்ண மூடித் தேய்ச்சுட்டு அருவிக்குப் போறாரு. அந்தா, மஞ்சத் துண்டு."

அவர் கை காட்டின பக்கம் பார்த்தேன். தலையில் எண்ணெய் வழிய, மஞ்சள் துண்டு கட்டிக்கொண்டு ஒரு மனுஷர் கூட்டத்தில் போய்க்கொண்டிருந்தார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

நான் இறங்கினேன். குனிந்து ஸ்டூலைப் பார்த்தேன். நல்ல கனமான மரம். ஒரு கால் நடுவில் ஒடிந்து, நார் நாராகத் தொங்கியது. பம்பரின் ரப்பர் பட்டையில் ஒரு கீறல்கூட இல்லை. அமுக்கினேன். அன்றைக்குப் போலவே விரல் உள்ளே போனது. என் பெருவிரலுக்கு மெத்தென்று இருக்கிறது, அதனால் போதும் என்று நினைத்திருக்கிறேன் பாருங்கள். நிற்கிற காரில், நிழலில், ஒரு விரலை வைத்துப் பார்த்துவிட்டு முடிவு செய்திருக்கிறேன்.

அப்போது அவுக கார்க் கதவுக்குப் பக்கத்தில் நின்று, யாருக்கும் கேட்காத மாதிரி என்னிடம் கேட்டாக.

"நீ ஏன்ட்டி தட்டல?"

ரெண்டு வருஷமாகப் பேசாத பேச்சு. கோபமாகக் கேட்கவில்லை. விளக்கு ஏன் அணைந்தது என்று கேட்கிற மாதிரி கேட்டாக. அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அவுகளுக்கு எல்லாம் தெரியும். என் தட்டை நம்பித்தான் காரை எடுக்கிறாக. நான் தட்டுவதால்தான் எடுக்கிறாக. வீட்டில் மானம் போகாமல் அவுகளைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்துக்கொண்டு, ரோட்டில் போகிறவர்களையெல்லாம் என் ஒரு கை விரலில் தொங்கவிட்டிருக்கிறேன்.

"இனிமே தட்ட மாட்டேன்" என்றேன்.

அவுக என் முகத்தையே பார்த்தாக. சாரல் விழுந்துகொண்டே இருந்தது.

"அப்போ எப்படி ஓட்டுறது?"

"ஓட்ட வேண்டாம்."

என் குரல் எனக்கே பெரிசாகக் கேட்டது. எண்ணெய்க்காரர் திரும்பிப் பார்த்தார். எப்போதும் யாராவது பார்த்தால் நான் தலையைக் குனிந்துகொள்வேன். அன்றைக்குக் குனியவில்லை. குனிய மறந்துவிட்டேன் என்றுதான் சொல்ல வேண்டும்.

அவுக ஒடிந்த ஸ்டூலை எடுத்து ஓரமாக வைத்தாக. பிறகு சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து மெக்கானிக்கைக் கூப்பிட்டாக. "கார் நிக்கிது, கொஞ்சம் வாரியா" என்று மட்டும் சொன்னாக. அவர் பைக்கில் வந்தார். வந்து ஸ்டூலைப் பார்த்தார், பம்பரைப் பார்த்தார், சாவியை வாங்கிக்கொண்டார். பைக்கை எண்ணெய்க்காரரிடம் பார்த்துக்கொள்ளச் சொன்னார்.

திரும்பி வரும்போது அவுக என் சீட்டில் உட்கார்ந்தாக. நான் பின்னால். தென்காசிக்குள் நுழைகிற இடத்தில் வலது பக்கமிருந்து ஒரு அம்மா குறுக்கே வந்தாள். அவுக கை தானாகப் போய் டேஷ்போர்டை ஒரு தட்டு தட்டியது.

"என்ன அண்ணாச்சி?" என்றார் மெக்கானிக்.

"ஒண்ணுமில்லவே. நீ ஓட்டு."

பிறகு திருநெல்வேலியில் கண் டாக்டரிடம் போனோம். கண்ணில் அழுத்தமாம். இடது கண்ணில் போன பார்வை திரும்பி வராது, மிச்சம் இருக்கிறதைச் சொட்டு மருந்து போட்டுக் காப்பாற்றிக்கொள்ளலாம் என்றார். ரெண்டு வருஷம் முன்னாலேயே வந்திருக்கலாமே என்றும் கேட்டார். அவுக என்னைப் பார்த்தாக. நான் அவுகளைப் பார்த்தேன். அந்தக் கேள்விக்கு ரெண்டு பேரும்தான் பதில் சொல்ல வேண்டும்.

கார் இப்போது மகளிடம் கடையத்தில் இருக்கிறது. எடுத்துக்கொண்டு போன அன்றைக்கு அவள் பம்பரைத் தட்டிப் பார்த்து, "இது நல்லாருக்கே, யாரு எடுத்தா?" என்று கேட்டாள்.

"உங்க அம்மாதான்" என்றாக அவுக. மீசை கதையையும் சொன்னாக. கார் தெருமுனை திரும்புகிற வரைக்கும் வாசலில் நின்றாக. அப்புறம் வேட்டியை இழுத்துவிட்டுக்கொண்டு உள்ளே போனாக.

இந்த வருஷச் சாரலுக்குக் குற்றாலத்துக்கு பஸ்ஸில் போனோம். இறங்கி நடக்கும்போது நான் அவுகளுக்கு இடது பக்கம் நடந்தேன். நல்ல கூட்டம். கையால் தட்டவில்லை. "ஆள் வருது, கொஞ்சம் ஒதுங்குங்க" என்று வாயால் சொன்னேன். ஒரு தடவை சத்தம் பத்தவில்லை.

"என்ன சொல்லுத?" என்றாக.

இன்னும் சத்தமாகச் சொன்னேன்.