எட்டின் இரண்டாவது வட்டம்

முப்பத்தைந்து வயது வரைக்கும் எனக்கு இடப்பக்கமாகச் சுற்ற வராது என்பது எனக்கே தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டிய அவசியமும் வரவில்லை. திருவண்ணாமலையில் பிறந்தவர்களுக்குச் சுற்றுவது என்றால் வலமாகச் சுற்றுவதுதான். நடக்கத் தெரியாத வயதில் இடுப்பில் உட்கார்ந்து மலையைச் சுற்றியிருக்கிறோம். கோயிலுக்குள் போனால் பிரகாரம், கல்யாணத்தில் அக்னி, எல்லாம் வலமாகத்தான். வீட்டில் யாராவது செத்துப்போனால்தான் இடமாகச் சுற்றுவார்கள்.

ஊர் மாவட்டத் தலைநகரான சமயத்தில்தான் எனக்குக் கல்யாணம் ஆனது. என் வீட்டுக்காரர் அப்போது ஒரு ஆளிடம் வாடகை ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்தார். பௌர்ணமிக்குக் கூட்டம் வரவர ஊரில் ஆட்டோக்களும் பெருகின. அவரும் சொந்த வண்டி எடுத்தார். எடுத்த நாளிலிருந்து அவருடைய முதல் சம்சாரம் அதுதான், நான் அதற்கப்புறம். தினமும் துடைப்பார். வீட்டில் ஒரு தட்டைக் கழுவ மாட்டார், ஆனால் வண்டிச் சக்கரத்தில் சேறு இருந்தால் தூக்கம் வராது. ஏறுகிற சவாரி எவராவது "பார்த்துப் போப்பா" என்று சொல்லிவிட்டால் போதும், முகம் சுருங்கிவிடும். "சும்மா உக்காருங்க சார், எனக்குத் தெரியும்" என்பார். வீட்டுக்கு வந்து அதையே என்னிடம் சொல்லிச் சொல்லிப் புலம்புவார்.

நான் பஸ் ஸ்டாண்ட் பக்கம் ஒரு எஸ்.டி.டி. பூத்தில் உட்கார்ந்திருந்தேன். கண்ணாடிக் கூண்டுக்குள் ஒருத்தர் கத்துவார், வெளியில் நாலு பேர் காத்திருப்பார்கள். பிறகு எல்லார் சட்டைப்பையிலும் செல்போன் வந்துவிட்டது. வெளியில் நிற்க ஆளில்லை, கூண்டுக்குள் கத்தவும் ஆளில்லை. முதலாளி நல்ல மனுஷன், போ என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. ஒரு நாள் கூண்டைக் கழற்ற ஆளைக் கூட்டிக்கொண்டு வந்தார். நானாகவே எழுந்து வந்துவிட்டேன்.

அதே வருஷம் வீட்டுக்காரருக்குக் கண்ணும் போயிற்று. சர்க்கரை ரொம்ப நாளாகவே இருந்தது. இனிப்பு ஜாஸ்தி, மாத்திரை கம்மி, அதுதான் அவருடைய வைத்தியம். ஒரு சாயங்காலம் பஸ் ஸ்டாண்டிலிருந்து வண்டியைத் தள்ளிக்கொண்டே வந்தார். வேர்த்து ஊற்றியது.

"பெட்ரோல் தீந்துட்ச்சா?" என்றேன்.

"பெட்ரோல் இருக்குது. கண்ணுதான் தீந்துட்ச்சு" என்றார்.

நிஜமாகவே அப்படித்தான் இருந்தது. ஆள் நிழலாகத் தெரிகிறது, முகம் தெரியவில்லை, வெளிச்சம் அடித்தால் அதுவும் இல்லை. டாக்டர் நரம்பு என்று ஏதோ சொன்னார், இனிமேல் வண்டியைத் தொடக்கூடாது என்றார். வீட்டு வாசலில் வண்டிக்குத் தார்ப்பாய் போட்டோம். அவர் உள்ளே சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டார். கொழுந்தனார் வந்து, கீழ்பென்னாத்தூரில் ஒருத்தர் கேட்கிறார், நல்ல ஆள், கொடுத்துவிடலாம் என்றார். வீட்டுக்காரர் சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

எனக்குத்தான் தாங்கவில்லை. அந்த வண்டியும் போய்விட்டால் இந்த மனுஷன் எழுந்திருக்கவே மாட்டார் என்று பயந்தேன். அந்தச் சமயத்தில்தான் எங்கள் மகளிர் குழுவில் ஒரு செய்தி சொன்னார்கள். பெண்களுக்கு ஆட்டோ ஓட்டக் கற்றுக்கொடுக்கிறார்களாம், லைசென்ஸும் எடுத்துத் தருகிறார்களாம். குழுவில் எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டு, கூட்டம் முடிந்ததும் பேரைக் கொடுத்துவிட்டு வந்தேன்.

கொழுந்தனாரிடம் சொன்னேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"டெஸ்ட்ல பாஸானா வண்டி இருக்கட்டும் அண்ணி. இல்லன்னா கேட்டவருக்குக் குட்த்துடலாம். துரு ஏறிப்போனா அப்புறம் யாரும் வாங்க மாட்டாங்க."

அவர் சொன்னதிலும் தப்பில்லை. வீட்டுக்காரர் அப்போதும் சுவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

பயிற்சி வேங்கிக்காலில், கலெக்டர் ஆபீஸ் தாண்டி, மனை போட்டு விற்காமல் கிடந்த ஒரு வெளியில் நடந்தது. நாங்கள் ஆறேழு பேர். கடலை மில்லில் வேலை போனவள் ஒருத்தி, தையல் மெஷினில் முதுகு போனவள் ஒருத்தி, கீழ்பென்னாத்தூரிலிருந்து தினமும் பஸ் ஏறி வந்த ஒருத்தி. எல்லாரும் இனிமேல் வேறு ஏதாவது தெரிந்தால்தான் சாப்பாடு என்ற நிலையில் வந்தவர்கள். கற்றுக்கொடுத்த தம்பிக்கு எங்களைவிடப் பத்து வயது குறைவு. டிரைவிங் ஸ்கூல் வைத்திருந்தது. எங்களைப் பார்த்த முதல் நாள் அதன் முகத்தில் ஈயாடவில்லை.

முதல் நாள் நாங்கள் ஒரு காரியம் செய்தோம். புதுக் காரியம் ஆரம்பிக்கும்போது யாரும் செய்வதுதான். தம்பியின் பயிற்சி வண்டிக்குப் பொட்டு வைத்து, கற்பூரம் காட்டி, எலுமிச்சம்பழத்தைச் சக்கரத்தில் நசுக்கினோம். மிச்சம் குங்குமம் கையில் இருந்தது. பக்கத்தில் மனைக்கல் மாதிரி இரண்டு கல் நட்டு வைத்திருந்தது, மேலே மஞ்சள் பெயிண்ட் அடித்து. மஞ்சளைப் பார்த்ததும் கை சும்மா இருக்குமா? அந்தக் கற்களுக்கும் பொட்டு வைத்துக் கும்பிட்டுவிட்டோம். இன்ன கல், எதற்கு நட்டது என்று ஒருத்திகூடக் கேட்கவில்லை.

கிளட்ச் பிடிக்கிறது, கியர் திருப்புகிறது, நேராகப் போகிறது எல்லாம் ஒரு வாரத்தில் பழகிவிட்டது. ஆட்டோவில் கியர் இடது கைப்பிடியில் இருக்கும், முறுக்க வேண்டும். முதலில் மணிக்கட்டு வலித்தது, பிறகு அதுவும் இல்லை. ரோட்டில் இடது பக்கம் திரும்பவும் செய்தோம், ஒரு கஷ்டமும் இல்லை. அப்புறம்தான் தம்பி எட்டுப் போடச் சொன்னது. அந்த இரண்டு கற்களும் அதற்குத்தான். ஒரு கல்லை வலமாகச் சுற்றி, நடுவில் தாண்டி, இன்னொரு கல்லை இடமாகச் சுற்றி வர வேண்டும். டெஸ்டில் பிரேக் இன்ஸ்பெக்டர் அதைத்தான் பார்ப்பார், வண்டி கல்லில் இடிக்கக்கூடாது, நடுவில் நிற்கக்கூடாது என்றது.

முதலில் போனவள் மில்காரி. முதல் கல்லை அழகாகச் சுற்றினாள். நடுவில் தாண்டி இரண்டாவது கல்லிடம் போனதும், வண்டியை ஒடித்து அதையும் வலமாகவே சுற்றிக்கொண்டு வந்தாள். அடுத்தவளும் அப்படியே. நான் பார்த்துச் சிரித்துவிட்டு ஏறினேன். நானும் அதையேதான் செய்தேன்.

தம்பி தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டது.

"இன்னா யக்கா, எட்டுப் போடச் சொன்னா ஆளாளுக்கு ரெண்டு சைபர் போட்டுட்டு வர்றீங்க."

"அந்தக் கல்லுக்குப் பொட்டு வெச்சிருக்குது தம்பி" என்றாள் கீழ்பென்னாத்தூர்க்காரி.

"யாரு வெச்சது?"

தம்பி குடத்துத் தண்ணீரை எடுத்துப் போய்க் கல்லைக் கழுவியது. குங்குமம் போயிற்று. ஆனால் கழுவிவிட்டால் சாமி போய்விடுமா? எங்களுக்கு அது சாமிதான். ரோட்டில் திரும்புவது வேறு, ஒரு கல்லை நடுவில் வைத்து அதைச் சுற்று என்பது வேறு. கை கேட்க வேண்டுமே.

ஆனாலும் ஒவ்வொருத்தியாகத் தேறினார்கள். தையல்காரி கன்னத்தில் போட்டுக்கொண்டு சுற்றினாள். கீழ்பென்னாத்தூர்க்காரி கல்லிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு சுற்றினாள். எனக்கு மட்டும் வரவில்லை. அந்த இடத்துக்கு வந்ததும் கை விறைத்துவிடும், வண்டி நின்றுவிடும். எனக்குக் காரணம் தெரியும். கல்லுக்குப் பொட்டு வைத்தது வெறும் சாக்கு. வீட்டில் ஒரு மனுஷன் எழுந்திருக்காமல் உட்கார்ந்திருக்கும்போது நான் போய் எதையும் இடமாகச் சுற்றுவதா? செத்தவர்களுக்குச் செய்கிற காரியம் அது. யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் சிரிப்பார்கள், இல்லை ஆமாம் என்பார்கள். ஆமாம் என்றுவிட்டால் அவ்வளவுதான்.

டெஸ்ட் கிட்ட வந்துவிட்டது. கொழுந்தனார் வண்டி கேட்ட அந்தக் கீழ்பென்னாத்தூர்க்காரரைக் கூட்டிக்கொண்டு வந்து வண்டியைக் காட்டினார். அவர் தார்ப்பாயைத் தூக்கி, சீட்டைத் தட்டி, டயரை உதைத்துப் பார்த்தார். டயரை உதைத்த சத்தம் கேட்டதும் உள்ளே இருந்தவர் சடாரென்று எழுந்ததை நான் பார்த்தேன். எழுந்தவர் வெளியில் வரவில்லை. அன்று அவர் சாப்பிடவும் இல்லை.

அவர்கள் போன பிறகு அவராகவே கேட்டார். "எட்டு வந்துட்ச்சா?"

"பாதி வருது."

"பாதின்னா?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கல், பொட்டு, கை விறைக்கிறது, ஏன் விறைக்கிறது என்பது வரைக்கும். திட்டுவார் என்று நினைத்தேன். சுவரிலிருந்து முகத்தை என் பக்கம் திருப்பினார். பிறகு, "நாளைக்கு என்னையும் இட்டுனு போ" என்றார்.

மறுநாள் பஸ்ஸில் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனேன். கண் போன பிறகு அவர் ஆஸ்பத்திரி தவிர வேறு எங்கும் வந்தது அதுதான் முதல் தடவை. மற்றவர்கள் ஓட்டுவதைக் காதால் கேட்டுக்கொண்டிருந்தார். "இது யாரு, கிளட்ச்ச இப்டிக் கட்ச்சி வெக்கிறது?" என்றார். தையல்காரிக்குக் கோபம் வந்துவிட்டது. என் முறை வந்தது. முதல் வட்டம் சரி, இரண்டாவதில் வண்டி நின்றது.

அவர் எழுந்தார். தம்பியின் தோளைப் பிடித்துக்கொண்டு அந்த இரண்டாவது கல்லிடம் போனார். காலால் தடவிப் பார்த்து, கல்லை ஒட்டி நின்றுகொண்டார்.

"ஞாயித்துக்கெழமையானா எனக்கு உப்பு மிளகா சுத்திப் போடுறியே, எப்டிச் சுத்துவ?"

எல்லார் எதிரிலும் இது என்ன கேள்வி என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. "வலமா மூணு, எடமா மூணு" என்றேன்.

"எடமாச் சுத்துனியே, நான் செத்தா பூட்டேன்?"

கல்யாணம் ஆன நாளிலிருந்து இந்த ஆளுக்குத் திருஷ்டி கழித்த கை இது. புது வண்டி எடுத்தபோது கழித்தேன், கண் மங்கியபோது இன்னும் அதிகமாகக் கழித்தேன். உப்பையும் காய்ந்த மிளகாயையும் மூடிப் பிடித்துக்கொண்டு, வலமாகச் சுற்றிய கையோடு இடமாகவும் சுற்றியிருக்கிறேன். அவர் நன்றாக இருக்க வேண்டும் என்றுதான் சுற்றினேன். அது எனக்கு நினைவே வரவில்லை.

"சுத்து" என்றார். "கல்ல உட்டுடு. என்ன சுத்து."

"யண்ணா, நீங்க தள்ளி நில்லுங்க, ஏத்திடப் போறாங்க" என்று தம்பி பதறியது.

"அதெல்லாம் ஏத்த மாட்டா" என்றார்.

வண்டி எங்கே வருகிறது என்று அவருக்குத் தெரியாது. லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு, கையைக் கட்டிக்கொண்டு, வெயிலில் அப்படியே நின்றார். நான் வண்டியை எடுத்தேன். முதல் கல்லை வலமாகச் சுற்றினேன். நடுவில் தாண்டினேன். கைப்பிடியை இடப்பக்கம் வளைத்தேன், வளைந்தது. ஊர் கண்ணு, உறவு கண்ணு என்று வாய் தானாக முணுமுணுத்தது. சத்தம் போகிற பக்கமெல்லாம் அவர் முகமும் கூடவே திரும்பியது. நான் சுற்றிக்கொண்டே இருந்தேன். தம்பி போதும் யக்கா, போதும் யக்கா என்று கத்தியபிறகுதான் நிறுத்தினேன்.

டெஸ்டுக்கு எங்கள் வண்டியையே கொண்டுபோனோம். தம்பிதான் ஓட்டிக்கொண்டு வந்தது. வீட்டுக்காரர் மைதானத்து ஓரத்தில் புளியமரத்தடியில் நின்றார். இரண்டாவது வட்டத்தில் அங்கே கல்லும் இல்லை, ஆளும் இல்லை, ஒரு குச்சிதான் நட்டிருந்தது. எனக்கு மட்டும் அங்கே லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு ஒருத்தர் நின்றார்.

இறங்கியதும் பிரேக் இன்ஸ்பெக்டர் கேட்டார். "எட்டு நல்லாத்தான் போட்டீங்க. வாயில இன்னாம்மா முணுமுணுத்துட்டே இருந்தீங்க?"

"ஒண்ணுமில்லங்க சார், சாமி பேரு" என்றேன். அவர் தலையாட்டி, பாஸ் என்றார்.

வண்டியை மரத்தடிக்குக் கொண்டுபோய் நிறுத்தினேன். நான் சொல்லவே இல்லை, இன்ஜின் சத்தத்திலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. சிரித்துக்கொண்டே வந்தார். வந்தவர் பழக்கத்தில் நேராக முன்பக்கம் வந்து, கைப்பிடியில் கையை வைத்துவிட்டார். அங்கே என் கை இருந்தது. அப்படியே நின்றார். எனக்குக் கையை எடுக்க மனசில்லை. என் கையை ஒரு தடவை அழுத்திவிட்டு, கம்பியைப் பிடித்துப் பிடித்துப் பின்பக்கம் போனார். எத்தனையோ வருஷம் அவர் துடைத்து வைத்த அந்தப் பின்சீட்டில் அன்றைக்குத்தான் முதல் தடவையாக உட்கார்ந்தார்.

வேங்கிக்கால் ரோட்டில் ஏறும்போது எதிரில் ஒரு பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு வந்தது. பின்னாலிருந்து குரல் வந்தது.

"பார்த்துப் போம்மா."

"சும்மா உக்காருங்க சார், எனக்குத் தெரியும்" என்றேன்.