வாறன் என்று சொல்லிவிட்டேன்

எங்கள் கட்டடத்து மதாமை நான் வந்த முதல் நாளே சீண்டத் தொடங்கிவிட்டேன். பாரிஸில் லாச்சப்பல் தமிழ்க் கடைத்தெருவுக்குப் பின்னால் இருக்கிற பழைய கட்டடம் அது. மேல்மாடியில் ஓர் அறைக்குள் நாங்கள் சில ஈழத்துப் பெடியள். கீழே, வாசலை ஒட்டிய சின்ன வீட்டில் மதாமும் அவருடைய கணவரும் மகனும். படி கூட்டுவதும், குப்பைத் தொட்டிகளை வெளியே இழுத்து வைப்பதும், கடிதங்களைப் பிரித்துப் போடுவதும் மதாமின் வேலை. நான் உணவகத்தில் கோப்பை கழுவப் புறப்படும் நேரமும் அவர் வாசலைத் துடைக்கும் நேரமும் ஒன்று. ஈரத்தில் மிதிக்காமல் போனால் எனக்கு அன்றைய நாள் விடிந்ததாகவே இருக்காது.

"இனி உன்ரை காலை என்ரை நிலத்திலை கண்டன், முறிப்பன்" என்று தும்புத்தடியைத் தூக்குவார்.

"முறிச்சால் நீங்கள்தான் தூக்கிக்கொண்டு மேலை ஏறவேணும், மதாம். லிப்ட் வேலை செய்யேல்லை."

என்னைப் பள்ளிக்கூடம் எட்டாம் வகுப்போடு கைவிட்டது, அல்லது நான் அதைக் கைவிட்டேன். பிரெஞ்சை அடுப்படியில் கேட்டுக் கேட்டுப் பொறுக்கினேன். மதாமின் பிரெஞ்சும் அப்படிப் பொறுக்கியதுதான். கால் உடைந்த இரண்டு கதிரைகள் ஒன்றில் ஒன்று சாய்ந்து நிற்பதுபோல எங்கள் பேச்சு நின்றது. அவர் சொன்னதையெல்லாம் இங்கே என் வாய்த்தமிழில்தான் எழுத முடியும்.

வாசலைத் தாண்டும்போது நான் ஒவ்வொரு நாளும் சொல்லும் ஒன்று அவருக்குச் சிரிப்பு. "போட்டு வாறன்" என்பதை அப்படியே பிரெஞ்சில் போட்டுச் சொல்வேன்: போகிறேன், திரும்பி வருகிறேன். எங்கள் வீடுகளில் யாரும் வெறுமனே "போறன்" என்று சொல்லிவிட்டுப் படி இறங்குவதில்லை. வாய் தவறிச் சொன்னால் அம்மா கூப்பிட்டு இருத்தி, தண்ணீர் தந்து, சரியாகச் சொல்லவைத்துத்தான் அனுப்புவார்.

"ஆர் உன்னைத் திரும்பி வரச் சொன்னது?" என்பார் மதாம். "போனால் அங்கையே நில். படியாவது காயும்."

மகனுக்கு என் வயது, என் உயரம், என் அகலம். இங்கேயே பிறந்தவன். தகப்பனோடு கட்டட வேலைக்கு மோட்டார் சைக்கிளில் போவான். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் அறைக்கு ஏறி வந்து, மூக்கு ஒழுக ஒழுகக் கொத்துரொட்டி சாப்பிடுவான்.

"உதைச் சாப்பிட்டுத்தானோ உங்கட நாட்டிலை அவ்வளவு காலம் சண்டை பிடிச்சனீங்கள்?" என்று ஒருநாள் கேட்டான்.

"உங்கட நாட்டிலை என்னத்தைச் சாப்பிட்டுப் பிடிச்சவங்கள்?"

"பன்றி" என்றான், யோசிக்காமல். சிரிப்பில் அவனுக்குப் புரையேறி, நாங்கள் முதுகில் அடிக்கவேண்டி வந்தது.

அவர்களை நான் செர்பியர் என்றே நினைத்திருந்தேன். மதாமிடம் அப்படிச் சொன்னபோதுதான் தும்புத்தடியைச் சுவரில் சாய்த்துவிட்டு விளக்கினார்.

"மனுசன் செர்ப். நான் விளாக். எங்கட சனம் செர்பியாவிலை கிழக்குப் பக்கம், ஆத்தங்கரையிலை. வீட்டுக்குள்ளை எங்கட பாசை, வெளியிலை செர்பு. வடக்கை ஹங்கேரிக்காரர் இருக்கினம், அங்காலை பல்கேரியர், எல்லா இடத்திலையும் ஜிப்சி எண்டு சொல்லுற ரோமாச் சனம். அங்கை எல்லாரும் எங்களை விளாக் எண்டுவினம். இஞ்சை வந்தாப் பிறகு எல்லாருக்கும் நான் செர்ப்."

"அங்கை சொல்லேக்கை எப்பிடிச் சொல்லுவினம்? மரியாதையாயோ?"

"நீ ஈரத்திலை மிதிக்கிற மாதிரி."

எனக்கு அது உடனே விளங்கியது. பிரெஞ்சுக்காரனுக்கு நான் இந்தியன். கடைத்தெரு யாழ்ப்பாணத்து அண்ணைமாருக்கு நான் வன்னியான்.

மழை பெய்த ஒரு மாலை, நகரைச் சுற்றி ஓடும் பெரிய வீதியில் மதாமின் மகனுடைய மோட்டார் சைக்கிள் வழுக்கியது. அவ்வளவுதான். உடலை மதாமின் ஊருக்கு விமானத்தில் கொண்டுபோய்ப் புதைத்துவிட்டு வந்தார்கள். அதற்குப் பிறகு நான் ஈரத்தில் மிதிக்கவில்லை. சுவரோரமாகக் கால் வைத்துப் போவேன். மதாம் அதைக் கண்டுவிட்டு, நான் மிதித்திருக்கவேண்டிய இடத்தைத் திரும்பவும் துடைப்பார்.

ஆண்டுத் திவசம் கிட்ட வந்தபோது ஒருநாள் என்னை வீட்டுக்குள் கூப்பிட்டார். கட்டிலில் ஒரு நீல நிறச் சட்டை, காற்சட்டை, சப்பாத்து. எல்லாம் புதியவை, கடையின் விலைத் துண்டு கழற்றாதவை. மகனின் அளவு.

"எங்கட வழக்கம் இது" என்றார். "செத்த பிள்ளைக்கு மேசை போடவேணும். அவன்ரை வயசிலை, அவன்ரை உடம்பிலை ஒருத்தன் இந்த உடுப்பைப் போட்டு, அவன்ரை இடத்திலை இருந்து சாப்பிடவேணும். அப்பதான் அவனுக்கு அங்கை உடுப்பு. அப்பதான் சாப்பாடு. ஒருத்தரும் போடாட்டி அவன் அங்கை வெறும் மேலோடை, பசியோடை நிப்பான்."

"உங்கட ஊரிலை செய்யேலாதோ?"

"ஊருக்கு அவன் ஆகஸ்ட்டிலை மட்டும்தானே போனவன். அங்கை அவனுக்கு வழி தெரியாது. இஞ்சைதான் வருவான்."

செர்பியத் தேவாலயத்தில் தெரிந்த பெடியளிடம் முதலில் கேட்டிருக்கிறார். ஒருவன் ஓம் என்றானாம். தாய் விடவில்லையாம், விளாக் வேலைக்கு என் பிள்ளையைத் தரமாட்டேன் என்று. மதாமின் கணவரே மூலையில் இருந்துகொண்டு, "மெழுகுதிரியும் அவிச்ச கோதுமையும் மட்டும் காணும். அது எங்கட முறை. மிச்சம் முழுக்க மந்திர வேலை" என்றார். மதாம் அவர் பக்கம் திரும்பவே இல்லை. என்னைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார்.

அறைக்கு ஏறிச் சொன்னேன். எங்களோடு இருக்கும் யாழ்ப்பாணத்து அண்ணை பாயில் இருந்து எழும்பிவிட்டார்.

"டேய் வன்னி, உனக்கென்ன விசரே? அதுகள் சூனியம் செய்யிற சனமாம்."

"ஆர் அண்ணை சொன்னது?"

"வேலையிலை ஒரு செர்ப் சொன்னவன்."

மட்டக்களப்புப் பெடியன் போர்வைக்குள் இருந்தே சிரித்தான். "எங்களப் பத்தியும் உங்கட ஆக்கள் இதத்தானே சொல்ற. வந்த ஆள பாயோட ஒட்ட வச்சிருவமாம். நீங்க மூணு வருசமா என்ர பக்கத்துப் பாயில படுக்கிறீங்க, அண்ணன். ஒட்டினதா?"

அம்மாவிடம் கேட்காமல் செய்ய மனம் வரவில்லை. அம்மா வன்னியில் தனியே இருக்கிறார். வீட்டுச் சுவரில் என் அண்ணனின் படம் இருக்கிறது. மாலை இல்லை, விளக்கு இல்லை. சண்டை முடிந்து நாங்கள் வெளியே வந்தபோது, விசாரித்துவிட்டு விடுவோம் என்று ஆமியால் பஸ்ஸில் ஏற்றப்பட்டவன். யன்னலால் கையை நீட்டி, "அம்மா, போட்டு வாறன்" என்று கத்தினான். அதை நானும் கேட்டேன். அதற்குப் பிறகு அவனைக் கண்டவர் எவரும் இல்லை. அம்மா அவனுக்கு இன்றுவரை திவசம் கொடுக்கவில்லை. கேட்டால், "சொல்லிட்டுப் போனவன் எல்லே" என்பார்.

"வேண்டாம் ராசா" என்றார் அம்மா போனில். "உயிரோடை இருக்கிற பிள்ளை செத்த பிள்ளையின்ரை இடத்திலை இருக்கப்படாது." பிறகு கோழி கத்துவது மட்டும் கேட்டது. "அந்த மனிசிக்கு என்ன வயசிருக்கும்?"

"உங்கட வயசுதான்."

"எண்டால் போ. வயிறு நிறையச் சாப்பிடு. அரைகுறையா எழும்பாதை." போனை வைக்கும் முன் சொன்னார்: "எனக்கெண்டால் ஒருத்தரும் அவன்ரை உடுப்பைப் போட வேண்டாம். அவன் வந்து போடுவான்."

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அந்த உடுப்பைப் போட்டேன். அளவு எனக்கென்றே தைத்தது போல இருந்தது, அதுதான் பயமாக இருந்தது. நகருக்கு வெளியே இருக்கும் செவ்ரானிலிருந்து மதாமின் அக்கா வந்திருந்தார். அவர்களின் ஊர்ப் பக்கத்து ரோமா மனிதர் ஒருவர், ரயில்களில் அக்கோர்டியன் வாசிக்கிறவர், கதவோரம் வாத்தியத்தோடு இருந்தார். மதாமின் மகனுக்குப் பிடித்த பாட்டுகளை மெதுவாக வாசித்தார். மேசையில் மெழுகுதிரி குத்திய பாண், அவித்த கோதுமை, முட்டைக்கோவா இலையில் சுற்றிய இறைச்சி, மீன், கோலா. நடுவில், எங்கள் தெருவில் வாங்கிய கொத்துரொட்டி.

மதாம் சாம்பிராணிப் புகையை மேசைக்கு மேலாகச் சுற்றினார். ஒவ்வொன்றையும் எடுத்து என் கையில் தந்து, "இது அவனுக்கு" என்றார். நான் வாங்கிச் சாப்பிட்டேன். கொத்துரொட்டியை வாயில் வைத்தபோது மூக்கு ஒழுகத் தொடங்கியது.

"அவனுக்கும் அப்பிடித்தான்" என்றார் மதாம்.

"உறைப்பு" என்றேன். அது உறைப்பில்லை.

வயிறு நிறைந்ததும் எழுந்தேன். உடுப்போடேயே போகவேண்டும், அது இனி உன்னுடையது என்று அக்கா சொன்னார். கதவுப்பிடியில் கை வைத்தபோது, பிறந்ததிலிருந்து சொல்லி வந்த பழக்கத்தில், வழக்கமான என் பிரெஞ்சில், நான் சொல்லிவிட்டேன்.

"போட்டு வாறன்."

அக்கோர்டியன் நின்றது. அக்கா சிலுவை போட்டுக்கொண்டார். ஏன் என்று எனக்கு அப்போது விளங்கவில்லை. இந்த மேசையே செத்தவன் நிறைவாகப் போய்ச் சேரவேண்டும், திரும்பி வந்து இருக்கிறவர்களின் நித்திரையைத் தின்னக்கூடாது என்பதற்காகத்தான். அவனுடைய சட்டையோடு, அவனுடைய வயிற்றோடு நின்று, திரும்பி வருகிறேன் என்று அந்த வாசலில் தமிழன் ஒருவன்தான் சொல்லுவான்.

மதாம் மேசையைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். முகத்தில் பயமில்லை. ஒரு வருசமாக நான் காணாத வெளிச்சம் இருந்தது.

"எப்ப?" என்றார்.

என் வாய் வழக்கம்போல முந்திக்கொண்டது. "நாளைக்குக் காலமை, கோப்பிக்கு."

மறுநாள் காலை கீழே இறங்கினேன். வீட்டுக் கதவு அகலத் திறந்திருந்தது. மேசையில் மகனின் கோப்பையில் கோப்பி. நான் சாதாரணமாக, என் பழைய மேற்சட்டையோடு இறங்கியிருந்தேன். மதாம் என்னைத் தாண்டி, என் முதுகுக்குப் பின்னால் படிக்கட்டைப் பார்த்தார்.

அன்றிலிருந்து அந்தக் கதவு பூட்டப்படவில்லை. குளிரிலும் திறந்தே கிடந்தது. கோப்பி வைப்பதும், ஆறியதை ஊற்றுவதும், திரும்ப வைப்பதுமாக இருந்தார். படி கூட்டவில்லை. கடிதங்கள் குவிந்தன. மேல்மாடிப் பிரெஞ்சுக்காரர் முறையிடப்போவதாகச் சொல்லத் தொடங்கினார்.

ஒருநாள் அக்காவும் மதாமின் கணவரும் உணவகத்தின் பின்கதவுக்கு வந்தார்கள். நான் ஏப்ரனோடு வெளியே வந்தேன்.

"நீதான் திறந்தனி" என்றார் அக்கா. "நீதான் சாத்தவேணும். அந்த உடுப்பைப் போட்டுக்கொண்டு போய், போறன் எண்டு சொல்லு. இனி வரமாட்டன் எண்டு சொல்லு."

"எங்கட ஆக்கள் அப்பிடிச் சொல்லுறேல்லை, மதாம்."

கணவர் சப்பாத்து நுனியால் சிகரெட் கட்டைகளைத் தள்ளிக்கொண்டிருந்தார். "எனக்கு உதிலை நம்பிக்கை இல்லை" என்றார். "மந்திர வேலை எண்டு முதலே சொன்னனான். ஆனா அவ நித்திரை கொள்ளுறேல்லை." பிறகு தலையை நிமிர்த்தாமலே, "சொல்லு, பெடியா. தயவுசெய்து சொல்லு" என்றார்.

ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு ஒரு தாய் எவ்வளவு காலம் இருப்பாள் என்று அந்தத் தெருவில் என்னைவிட யாருக்குத் தெரியும்?

அடுத்த நாள் காலை நீலச் சட்டையைப் போட்டுக்கொண்டு இறங்கினேன். மதாம் கோப்பியை வைத்துவிட்டுத் திரும்பியவர், என்னைக் கண்டதும் அப்படியே நின்றார். எதற்கு வந்திருக்கிறேன் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. கிட்ட வந்து சட்டைக் கொலரை நேராக்கினார். மேல் பொத்தானைப் போட்டார். கை சவர்க்கார மணமாக இருந்தது.

"இருந்து குடி" என்றார்.

நின்றபடியே குடித்தேன். சுட்டது. முழுவதையும் குடித்தேன். கோப்பையை வைத்துவிட்டு வாயைத் திறந்தேன். எத்தனை பேரை எத்தனை விதமாகக் கேலி பண்ணின வாய்.

"போறன், அம்மா" என்றேன். மதாம் என்று சொல்லத்தான் நினைத்திருந்தேன். "இனி வரமாட்டன்."

அவர் அழவில்லை. "வழி தெரியுமோ?" என்று கேட்டார்.

"தெரியும்."

"குளிருமோ அங்கை?"

"இல்லை. சட்டை இருக்குத்தானே."

தலையை ஆட்டினார். நான் படி தாண்டியதும் எனக்குப் பின்னால் கதவு மெதுவாகச் சாத்தப்பட்டது. சாவி திரும்பும் சத்தம் கேட்டது. அதற்குப் பிறகுதான் உள்ளே இருந்து ஒரு சத்தம் வந்தது. அதை எழுத எனக்குத் தெரியாது.

இப்போது படிகள் துப்பரவாக இருக்கின்றன. நான் இறங்கும்போது மதாம் தும்புத்தடியை ஒதுக்கி வழி விட்டு, "வணக்கம், முசியே" என்கிறார், மேல்மாடிப் பிரெஞ்சுக்காரருக்குச் சொல்வதுபோல. நான் ஒருநாள் வேண்டுமென்றே ஈரத்தின் நடுவில் மிதித்தேன். அவர் குனிந்து துடைத்தார். நான் வரமாட்டேன் என்று சொன்னவன். அவர் அதை நம்பிவிட்டார். நம்பத்தான் வேண்டும்.

நான் போறன் என்று சொன்ன அன்றைய மாலை அம்மா போனில் கேட்டார், அந்தப் பிள்ளையின் அலுவல் எப்படி முடிந்தது என்று.

"அவன் போயிட்டான், அம்மா."

"சொல்லிட்டோ?"

"ஓம். போறன் எண்டு சொல்லிட்டு."

"ஐயோ, பாவம் அந்த மனிசி" என்றார் அம்மா. "எங்கட பிள்ளை அப்பிடிச் சொல்லேல்லை. என்னடா? நீயும் கேட்டனிதானே. போட்டு வாறன் எண்டுதானே கத்தினவன்?"

நீலச் சட்டை என் மேலேயே இருந்தது. கழுத்துப் பொத்தானைக் கழற்றப் பார்த்தேன். பிறகு விட்டுவிட்டேன்.

"ஓம், அம்மா" என்றேன்.