மூன்று ஊர்ப் பந்து

விளக்கெண்ணெய் ஊறிய தோலின் வாடை அந்தக் கோடை முழுவதும் எங்கள் கூடலூர் வீட்டில் நிறைந்திருந்தது. மலைமேல் அணை கட்டிக்கொண்டிருந்த காலம் அது. எனக்கு ஒன்பது வயது. சித்திரை பிறந்தால் அங்கே "விஷக்காய்ச்சல்" கிளம்பிவிடும் என்பதால், மழை பிடிக்கும்வரை வேலையை நிறுத்திக் கூலியாட்களைக் கீழே இறக்கிவிடுவார்கள். இறங்கியவர்கள் சொந்த ஊர்களுக்குக் கலைந்துபோனால் திரும்ப மாட்டார்களே என்று பயந்த ஒரு வெள்ளைக்காரக் காண்டிராக்டர், அவர்களில் கால் திடமுள்ளவர்களைப் பொறுக்கி, கூடலூர், கம்பம், உத்தமபாளையம் என்று மூன்று அணிகளாகப் பிரித்து, வாரச் சம்பளம் கொடுத்துக் கால்பந்து விளையாட வைத்தார். எங்கள் பக்கத்தில் அதைக் "கூலிப்பந்து" என்றார்கள்.

என் சித்தப்பா சூசை கூடலூர் அணிக்குக் கோல் காப்பவர். மூன்று ஊருக்கும் இருந்தது ஒரே பந்து; அதற்கு எண்ணெய் தடவிப் பத்திரப்படுத்தும் பொறுப்பும் அவருடையது. சனிக்கிழமை சாயங்காலம் ஆட்டம் என்றால் சுற்றுப்பட்டிச் சனமெல்லாம் வண்டி கட்டிக்கொண்டு வரும்.

ஆனால் ஆட்டக்காரர்கள் மலையிலிருந்து வெறுங்கையோடு இறங்கவில்லை, காய்ச்சலையும் கொண்டுவந்திருந்தார்கள். இரண்டாம் வாரம் கம்பத்து அணியில் ஒன்பது பேர்தான் நின்றார்கள். மூன்றாம் வாரம் அவர்களில் ஒருவன் ஓடிக்கொண்டிருக்கும்போதே குப்புற விழுந்தான். தடுக்கி விழுந்ததாக நினைத்துச் சனம் சிரித்தது. அவன் எழவில்லை. சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று, பின்வரிசையில் இருந்தவர்களுக்கு விஷயம் தெரியாததால்.

நான்காம் வாரம் ஆட்டத்தன்று நடுப்பகலில் சித்தப்பா இரண்டு கம்பளிக்குள் நடுங்கிக்கொண்டு கிடந்தார். அவர் மனைவி செபஸ்தி சித்தி, கல்யாணமாகி ஆறு மாதம்கூட ஆகாதவள், அவர் கால்களைத் தேய்த்துவிட்டுக்கொண்டிருந்தாள்.

"தம்பி, இன்னைக்குப் போக வேணாம். அந்தக் கம்பத்து ஆளு எந்திரிக்கவே இல்லைல்ல" என்றாள் அம்மா.

"போகலைன்னா பேர வெட்டிருவாக மதினி. நிண்டு பந்தப் பிடிக்கிறதுதான, ஓடவா போறேன்?"

அவர் எழுந்து முகம் கழுவப் போனார். நான் உள்ளறைக்குப் போய்ப் பந்தின் வாரை அவிழ்த்து, உள்ளிருந்த "காத்துப்பை"யில் கோணி ஊசியை நாலைந்து இடத்தில் இறக்கிவிட்டு, பழையபடி கட்டிவைத்தேன். பந்து இல்லாவிட்டால் சித்தப்பா வீட்டில் படுத்துக்கொள்வார். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்த கணக்கு.

மைதானத்தில் காற்று அடிக்க அடிக்கப் பந்து சூம்பிப்போயிற்று. காண்டிராக்டர் அதைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எலி கடித்திருக்கும் என்றார் யாரோ. காண்டிராக்டர் தணிந்த குரலில் ஏதோ சொல்ல, பக்கத்தில் நின்ற மேஸ்திரி உரக்கச் சொன்னார்: "இனிமே பந்து கெடையாது. சம்பளம் வேணுங்கிறவுக திங்கக்கிழம மலை ஏறணும்னு தொர சொல்றாக."

மழை இன்னும் பிடித்திருக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை சித்தப்பாவுக்கு வேர்த்துக் காய்ச்சல் விட்டது. கஞ்சி கேட்டு வாங்கிக் குடித்தார். நான் செய்த காரியம் பலித்ததென்று உள்ளுக்குள் பூரித்துப்போனேன். மறுநாள் விடியலில் கம்பளியைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு அவர் குமுளிப் பாதையில் ஏறினார். "ஏலே, அம்மாவுக்கு அடங்கி இரு" என்றார் என்னிடம். பன்னிரண்டாம் நாள் மேஸ்திரி வந்தார். மலையிலேயே அடக்கம் பண்ணிவிட்டதாகச் சொன்னார். அவரோடு ஏறிய கூடலூர் அணியில் நான்கு பேர்தான் கீழே திரும்பினார்கள்.

இன்று மலைத் தண்ணீர் சுரங்கம் வழியே வந்து பள்ளத்தாக்கில் இரண்டு போகம் விளைகிறது. அவர்கள் ஆடிய மைதானத்தில் நெல் நிற்கிறது; மூன்று அணிகள் இருந்ததைச் சொன்னால் இப்போதுள்ள பிள்ளைகள் நம்புவதில்லை. செபஸ்தி சித்தி இருக்கிறாள். மறுமணம் செய்துகொள்ளவில்லை. பண்டிகைக்குப் போனால் என் தலையைத் தடவி, "ஓஞ் சித்தப்பா ஒம்மேல உசுரா இருந்தாக" என்பாள். ஒவ்வொரு முறையும் சொல்லிவிட நினைத்து, சாப்பிட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறேன். இதை எழுதத் துணிந்ததும், சித்திக்குப் படிக்கத் தெரியாது என்பதால்தான்.